சாயம் டீச்சர்

பாளையங்கோட்டையில் சாலோமியை நேரில் "டீச்சர்" என்பார்கள். அவள் தெருமுனை திரும்பியதும் "சாயம் டீச்சர்" என்பார்கள். முடிக்கு மை போடுகிறவள் என்று நினைத்துவிட வேண்டாம். முக்கால் தலை நரைத்த பிறகும் அவள் அந்தப் பக்கம் போனதில்லை. தனியார் கல்லூரி ஒன்றில் தமிழ் நடத்திக்கொண்டே, மாந்திரீகத்தில் நிறங்களுக்கு என்ன வேலை என்று ஆராய்ந்து முனைவர் பட்டம் வாங்கியவள். அதனால் வந்த பேர்.

சிவப்பு இழுக்கும். மஞ்சள் நிறுத்தும். வெள்ளை தணிக்கும். கருப்பு பிரிக்கும். பாபநாசத்திலிருந்து ஆற்றோடு கீழே வரவர சாதி மாறும், சாமி மாறும், இந்தக் கணக்கு மட்டும் மாறாது. மேலப்பாளையத்தில் தகடு எழுதிக் கொடுத்த முகம்மது மைதீனும் அதையே சொன்னார், சேரன்மகாதேவியில் எலுமிச்சம்பழம் வைத்துக் குறி சொன்ன பூசாரியும் அதையே சொன்னார். சாலோமி இருவர் எதிரிலும் சம்மணம் போட்டு உட்கார்ந்து எழுதிக்கொண்டாள். இருவரும் தன்னிடம் மறைத்தது என்ன என்பதையும் ஊகித்து எழுதிக்கொண்டாள். அவள் வேலை அது.

அவளாகத் தேடிப் போன விஷயமில்லை அது. கிறிஸ்தவப் பெண்கள் பாடும் தாலாட்டுகளைத் திரட்டத்தான் விக்கிரமசிங்கபுரத்துக்குப் போயிருந்தாள். அங்கே நூல்மில் தொழிலாளி ஒருவரின் மனைவி, சண்முகசுந்தரி என்று பேர், பக்கத்து வீட்டுக்காரி தாலாட்டு பாடி முடிக்கட்டும் என்று காத்திருந்துவிட்டுத் தன் கதையைச் சொன்னாள். ஷிப்ட் முடிந்து வரும் புருஷன் தெருவுக்கே கேட்கும்படி ஏசுவானாம். ஒருநாள் ஒரு கொட்டாங்கச்சியில் மஞ்சள் நூலைச் சுற்றி அடுப்படி மாடத்தில் வைத்தாளாம். தீப்பெட்டி தேடியவன் கண்ணில் அது பட்டது. அன்றோடு அவன் வாய் அடங்கிவிட்டது.

"அவரு அதைப் பாக்காமலே இருந்திருந்தா?" என்று சாலோமி கேட்டாள்.

சண்முகசுந்தரி சிரித்துவிட்டாள். "பாக்குத எடத்துலதான டீச்சர் வைப்போம்."

சாலோமிக்கு அப்போதுதான் கல்யாணமாகி ஒரு வருஷம். பஸ்ஸில் திரும்பி வரும்போது தாலாட்டுகள் எல்லாம் மறந்துபோயிருந்தன. நூல் ஒன்றும் செய்வதில்லை, நூலைப் பார்த்தவன் பயந்து தனக்குத்தானே செய்துகொள்கிறான். பயத்துக்கு ஒரு மொழி இருக்கிறது, அந்த மொழியின் எழுத்துகள் நிறங்கள். இதை நிரூபிக்க வேண்டும் என்று ஒரு வெறி அவளைப் பிடித்துக்கொண்டது. நிரூபிக்கவும் செய்தாள். வாய்மொழித் தேர்வுக்கு மதுரையிலிருந்து வந்திருந்த பேராசிரியர், இப்படி ஓர் ஆய்வேட்டைத் தான் பார்த்ததில்லை என்று சபையில் சொன்னார். அந்த ஒரு நாள்தான் அவள் வாழ்க்கையில் அந்தப் படிப்புக்குக் கிடைத்த மரியாதை.

கணவர் ஜாஸ்பர் பள்ளித் தலைமையாசிரியர். மனைவி பேருக்கு முன்னால் "முனைவர்" வந்ததில் அவருக்கு மெத்தப் பெருமை. கல்யாணப் பத்திரிகை கொண்டு வருகிறவர்களிடம், உறையில் அதைச் சேர்த்து எழுதச் சொல்வார். ஆய்வேட்டை மட்டும் அவர் திறந்ததில்லை. வாசிப்புப் பழக்கம் இல்லாத ஆள் என்று சொல்ல முடியாது. செய்தித்தாளை இரங்கல் விளம்பரம் வரை விடாமல் வாசிப்பார். ஆனால் அந்தத் தடித்த நீல அட்டைப் புத்தகத்தை மட்டும், தூசி தட்டக்கூடத் தொட்டது கிடையாது. அலமாரியின் மேல்தட்டில் பழைய பாட்டுப் புத்தகங்களுக்கு நடுவில் அது கிடந்தது.

அதைச் சுருக்கிப் புத்தகமாகப் போட ஜங்ஷனில் ஓர் அச்சகத்தார் முன்வந்தார். மகள் ஸ்டெபிக்கு அப்போது பதின்மூன்று வயது. நல்ல கைவண்ணம். எந்த மந்திரக்கட்டுக்கு நூலை எப்படிச் சுற்றுவார்கள், முடிச்சு எங்கே விழும் என்று அம்மா சொல்லச் சொல்ல, நாக்கைத் துருத்திக்கொண்டு படங்களை எல்லாம் அவள்தான் வரைந்தாள். மேலட்டை தயாராகி வந்த வாரத்தில் ஜாஸ்பர், சுற்றுவட்டாரச் சபைகள் சேர்ந்த சேகரத்தின் செயலாளர் பதவிக்கு நின்றார். எதிரணி சும்மா இருக்குமா? "மந்திரவாதி வீட்டில் கோயில் சாவியா?" என்று நோட்டீஸ் அடித்து, ஞாயிற்றுக்கிழமை ஆராதனைக்கு முன்னால் மதில் நெடுக ஒட்டிவிட்டார்கள்.

"ஒரு வருஷம் தள்ளிப் போடு சாலோமி. எங்க போயிரப் போவுது புத்தகம்?" என்றார் ஜாஸ்பர்.

அவள் தள்ளிப் போட்டாள். அவர் ஜெயித்தார். அடுத்த முறையும் நின்றார், அதற்கடுத்த முறையும் நின்றார். ஒவ்வொரு முறையும் புத்தகம் தள்ளிப் போனது. அச்சகத்தார் செத்துப்போனார், அவர் பையன் அந்த இடத்தில் செல்போன் கடை வைத்தான். கல்லூரியில் துறைத்தலைவர் பதவி காலியானபோது, நிர்வாகி அவளைக் கூப்பிட்டு, "நீங்க எடுத்துக்கிட்ட பொருள் கொஞ்சம் ஒருமாதிரி இருக்கேம்மா" என்று சொல்லிவிட்டு அவளுக்குப் பின்னால் வந்த ஒருவனுக்குக் கொடுத்தார். சபைப் பெண்கள் சங்கத்தில் அவள் செய்து கொண்டுபோன பலகாரத்தை எடுக்கத் தயங்கினார்கள். அவளும் கொண்டுபோவதை நிறுத்திக்கொண்டாள்.

இதை எல்லாம் அவள் பொறுத்துக்கொண்டாள் என்று சொல்வது சரியாகாது. வகுப்பில் நன்னூல் நடத்தும்போது சில சமயம் காரணமே இல்லாமல் சுள்ளென்று விழுவாள். வீட்டில் ஜாஸ்பர் ஜெபம் பண்ணும்போது கண்ணைத் திறந்துகொண்டு அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள். அவ்வளவுதான் அவளால் முடிந்தது.

போன வருஷம் ஸ்டெபி வீட்டைவிட்டுப் போனாள். கல்லூரியில் கூடப் படித்த நடராஜ் என்ற பையனை அம்பாசமுத்திரத்தில் பதிவுத் திருமணம் செய்துகொண்டாள். விக்கிரமசிங்கபுரத்துப் பையன், சைவப் பிள்ளைமார் வீடு, அப்பா நூல்மில்காரர், பையனுக்கு வங்கியில் வேலை. அந்த வீட்டில் ரெண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்திருந்துவிட்டு மூன்றாம் நாள் மருமகளை உள்ளே கூப்பிட்டுக்கொண்டார்கள். இங்கே ஜாஸ்பர் அவள் படத்தைச் சுவரிலிருந்து கழற்றினார். சேகரக் கமிட்டியில், செயலாளர் மகளே புறமதத்தானோடு போய்விட்டாள் என்று எழுந்து நின்று பேசினார்களாம். வீட்டுக்கு வந்து சட்டையைக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்தவர் சாப்பிடக் கூப்பிட்டும் எழுந்திருக்கவில்லை.

சாலோமி மட்டும் மாதம் ஒருதரம் பாபநாசம் பஸ் ஏறி மகளைப் பார்த்துவிட்டு வந்தாள். நடராஜின் அம்மா வேணி நல்ல மாதிரி. "வாங்க மதினி" என்று கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போவாள். ஸ்டெபி அம்மா மடியில் தலைவைத்துப் படுத்துக்கொண்டு, "அப்பா என்னம்மா சொல்லுதாங்க?" என்று கேட்பாள். சாலோமி ஏதாவது பொய் சொல்வாள்.

மழைக்காலம் தொடங்கிய சமயம். ஒரு சாயங்காலம் ஜாஸ்பர் அடுப்படிக்கு வந்து நின்றார். அவர் அங்கே வருகிற ஆளே இல்லை.

"ஒண்ணு கேப்பேன். கோவப்படக் கூடாது."

"கேளுங்க."

"கருப்பு பிரிக்கும்னு எழுதியிருக்கியாம்லா."

சாலோமி அரிந்துகொண்டிருந்த வெங்காயத்தை நிறுத்தினாள். ஒரு நிமிஷம் அவளுக்கு சந்தோஷமாகக்கூட இருந்தது. இத்தனை வருஷத்துக்குப் பிறகு இந்த மனுஷன் தன் படிப்பைப் பற்றி ஒரு கேள்வி கேட்கிறார் என்று நினைத்துவிட்டாள்.

"அப்படி நம்புதாங்கன்னு எழுதியிருக்கேன். எதுக்குக் கேக்கிய?"

"அதை நீ செய்வியா?"

அவளுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் சிரித்தாள். அவர் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

"ஏங்க, ஞாயித்துக்கிழமை பீடத்துல நின்னு வேதபாடம் வாசிக்குத ஆளு நீங்க."

"அது வேற. இது பிள்ளை விஷயம். ரெண்டு பேரையும் பைய பிரிச்சிட்டா அவ வீட்டுக்கு வந்துருவா. கர்த்தர் மன்னிப்பாரு."

"அது வெறும் நூலுங்க. கடையில விக்குத நூலு. அது ஒண்ணும் செய்யாது."

"ஒண்ணும் செய்யாதா?" ஜாஸ்பரின் குரல் உயர்ந்தது. "அப்ப எதுக்கு இத்தனை வருஷம் அதுக்குப் பொறத்தால அலைஞ்ச? ஒண்ணுமில்லாத ஒண்ணுக்கா என் மானத்தை வாங்குன? ஊருல எவன் எவனோ என்னைப் பாத்துச் சிரிச்சானே, அதெல்லாம் ஒண்ணுமில்லாததுக்கா?"

அந்தக் கேள்விக்கு அவளிடம் பதில் இருந்தது. ஐந்து அத்தியாயம் நீளமான பதில். அடுப்படியில் நின்று சொல்லக்கூடிய பதில் இல்லை.

"உனக்குத் தெரியும். பெத்த பிள்ளைக்குச் செய்ய மாட்டேங்குத. அம்புட்டுத்தான்" என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

அதன்பிறகு அவர் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. கிறிஸ்துமஸுக்கு முந்தின வாரம், தானாகவே, "பிள்ளையைப் பாத்துட்டு வாரேன்" என்றார். ஸ்டெபி உண்டாகியிருக்கும் செய்தி அதற்குள் வந்திருந்தது. சாலோமிக்குக் கண் கலங்கிவிட்டது. முறுக்கும் அச்சுப்பலகாரமும் கட்டிக்கொடுத்து, தெருமுனை வரை கூடவே போய் வழியனுப்பினாள். சாயங்காலம் திரும்பி வந்தவர், "காப்பி குடுத்தா. அவங்க வீடெல்லாம் சுத்திக் காட்டுனாங்க" என்றார். அன்று இரண்டு பேரும் வெகுநாளுக்குப் பிறகு சேர்ந்து உட்கார்ந்து சாப்பிட்டார்கள்.

பொங்கலுக்கு வெள்ளையடிக்க வேணி கட்டிலை நகர்த்தினாள். ஸ்டெபியும் நடராஜும் படுக்கும் கட்டில். அதன் கால்மாட்டிலிருந்து ஒரு பொட்டலம் உருண்டு வந்தது.

மூன்று நாள் கழித்துப் போன் வந்தபோது சாலோமி விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தாள்.

"நீங்க இனிமே இங்க வராதீங்க" என்றாள் ஸ்டெபி.

மகள் அவளை ஒருநாளும் "நீங்க" என்று சொன்னதில்லை. பிறந்ததிலிருந்து "நீ"தான். வேறு யாரோ பெரியவர்களிடம் பேசுவதாக நினைத்து எண்ணை மாற்றிப் போட்டுவிட்டாளோ என்றுகூட சாலோமி நினைத்தாள்.

"ஸ்டெபி, நான் அம்மா பேசுதேன். என்ன ஆச்சு?"

"ரெண்டு வேப்பங்குச்சி. முதுகோட முதுகா. நடுவுல வசம்பு. கருநூல் சுத்தி முடிச்சு மேல்பக்கமா விழுந்திருக்கு. குச்சியில எங்க ரெண்டு பேரு முதலெழுத்து. அந்தப் படத்தை நான்தான வரஞ்சேன், உங்க புத்தகத்துக்கு? எனக்குத் தெரியாதா?"

போன் அணைந்தது.

அந்தக் கட்டு அப்படியே, அந்த முடிச்சோடு, அவள் ஆய்வேட்டைத் தவிர வேறு எங்கும் எழுதப்படவில்லை. அதை அவளுக்குச் சொல்லிக் கொடுத்த கல்லிடைக்குறிச்சிக்காரர் காலமாகி வெகுகாலமாயிற்று. சாலோமி நாற்காலி போட்டு ஏறி மேல்தட்டிலிருந்து நீல அட்டையை இறக்கினாள். நான்காம் அத்தியாயம் தானாகவே விரிந்தது. வரிகளுக்கு அடியில் பென்சில் கோடு, அளவுகோல் வைத்து நேராக இழுத்தது. "முதுகோடு முதுகாக" என்ற இடத்தில் இரட்டைக் கோடு. பக்கத்தின் கீழே ஒரு வாக்கியத்தில், ஒற்று மிகக் கூடாத இடத்தில் அவள் போட்டிருந்த "ப்" சிவப்பு மையால் அடிக்கப்பட்டிருந்தது. தலைமையாசிரியர் கை சும்மா இருக்கவில்லை.

அந்த நிலைமையிலும் அவள் செய்தது என்ன தெரியுமா? திருத்தம் சரிதானா என்று யோசித்துப் பார்த்தாள். சரிதான்.

ஜாஸ்பர் வந்ததும் அந்தப் பக்கத்தை விரித்தபடியே மேசைமேல் வைத்தாள்.

"வாசிச்சியளா?"

அவர் செருப்பைக் கழற்றிக்கொண்டே எட்டிப் பார்த்தார். மறுக்கவில்லை. "நல்லாத்தான் எழுதியிருக்க. அந்த அதிகாரம் ரொம்பத் தெளிவு. எனக்கே விளங்குச்சுன்னா பாத்துக்கோயேன்."

கல்யாணமாகி இத்தனை காலத்தில் அவள் எழுத்தைப் பற்றி அவர் சொன்ன முதல் நல்ல வார்த்தை அது.

"பிள்ளைக்குப் போன் பண்ணுங்க. நான்தான் வச்சேன்னு சொல்லுங்க."

"இப்பமா? புள்ளைத்தாச்சிட்டயா?"

"அவ நான் வச்சதா நெனைக்கா."

ஜாஸ்பர் உட்கார்ந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "சாலோமி, கொஞ்சம் யோசிச்சுப் பாரு. உன்னைச் சொன்னா ஊரு புதுசா ஒண்ணும் நெனைக்கப் போறதில்ல. அந்தப் பேரு ஏற்கனவே இருக்கு. என்னைச் சொன்னா எல்லாம் போச்சு. வருத மாசம் தேர்தல். அது முடியட்டும், நானே பைய எடுத்துச் சொல்லுதேன்."

அவர் கெட்ட எண்ணத்தோடு பேசவில்லை. சரக்கை எந்தக் கடையில் வாங்கினால் லாபம் என்கிற மாதிரி, நிதானமாக, நியாயமாகப் பேசினார். சாலோமி புத்தகத்தை மூடினாள்.

மறுநாளே விக்கிரமசிங்கபுரத்துக்குப் பஸ் ஏறினாள். இறங்கும்போது மில்லில் சங்கு ஊதிக்கொண்டிருந்தது. ஷிப்ட் முடிந்தவர்கள் சைக்கிளை உருட்டிக்கொண்டு ரோட்டை நிறைத்து வந்தார்கள். அவர்களுக்குள் புகுந்து வழி பிடித்து, மில்லுக்குப் பின்தெருவில் இருந்த அந்த வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தாள்.

ஸ்டெபி வாசல் கம்பிக்கதவுக்கு அந்தப் பக்கம் நின்றாள். திறக்கவில்லை. ரொம்பவும் இளைத்துப்போயிருந்தாள். வயிறு மட்டும் முன்னால் நின்றது.

"நான் வைக்கலம்மா. உங்க அப்பா வச்சாங்க" என்றாள் சாலோமி. எப்படிச் சொல்வது என்று பஸ்ஸில் பலவிதமாக யோசித்து வந்ததெல்லாம் மறந்துவிட்டது.

"அப்பாவா?"

"கிறிஸ்துமஸுக்கு முந்தி வந்தாங்கல்லா, அப்பம்."

"அப்பாவுக்கு எப்படித் தெரியும், இப்படிக் கட்டணும்னு?"

"என் ஆய்வேட்டை வாசிச்சிருக்காங்க."

ஸ்டெபி சிரித்தாள். அழுகை மாதிரி ஒரு சிரிப்பு. "அப்பா! உங்க ஆய்வேட்டை! ஏம்மா, நான் கண்ணு முழிச்ச நாள்லேருந்து அப்பா அதைத் தொட்டுப் பாத்து நான் கண்டதில்ல. இதையே நெனைச்சு நீங்க எத்தனை நாள் அழுதிருக்கிய, நான் பாத்துக்கிட்டுத்தான இருந்தேன்? பொய் சொன்னாலும் நம்புத மாதிரி சொல்லுங்க."

சாலோமி, கோடு போட்ட பக்கத்தைக் கையோடு கொண்டு வந்திருக்கலாமே என்று நினைத்தாள். கொண்டு வந்திருந்தாலும், கோட்டை நீங்களே போட்டிருப்பீர்கள் என்றுதான் இவள் சொல்லியிருப்பாள்.

வேணி உள்ளேயிருந்து வந்து கதவைத் திறந்தாள். கோபமில்லை. பயம்தான் இருந்தது. கையைப் பிடிக்காமல், இரண்டடி தள்ளி நின்று பேசினாள்.

"மதினி, நடந்தது நடந்துபோச்சு. இவ சாப்பிட்டு நாலு நாளாச்சு. பிள்ளை அசையலைங்கா. ஸ்கேன் எடுத்துப் பாத்தாச்சு, டாக்டரம்மா நல்லாருக்குன்னு சொல்லியாச்சு, இவ நம்ப மாட்டேங்கா. கட்டுனவங்க அவிழ்த்தாத்தான் போவும்னு சொல்லுதா. நீங்க அவிழ்த்து விட்டுருங்க."

"நான் கட்டலை மதினி."

"சரி, நீங்க கட்டலை. அவிழ்த்து மட்டும் விடுங்க. உங்க பேத்தியோ பேரனோ, அதுக்காக."

ஸ்டெபி ஆஸ்பத்திரி ஆய்வகத்தில் வேலை பார்ப்பவள். ரத்தத்தைச் சோதித்து ஊருக்கெல்லாம் அறிக்கை எழுதிக் கொடுப்பவள். அவள் இப்போது சுவரில் சாய்ந்து, இரண்டு கையாலும் வயிற்றைப் பொத்திக்கொண்டு, அம்மாவின் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையை சாலோமி பல வீடுகளில் பார்த்திருக்கிறாள். பார்த்து எழுதியிருக்கிறாள். தன்னை நோக்கி அது திரும்பியது இதுதான் முதல் தடவை.

"வெள்ளை நூல் இருக்கா?" என்று கேட்டாள்.

மில்காரர் வீட்டில் நூலுக்கா பஞ்சம். ஒரு கண்டு நூலும், சொம்பில் ஆற்றுத் தண்ணீரும் வந்தன. முற்றத்தில் வாழையிலையில் வைத்து அந்தப் பொட்டலத்தைக் கொண்டுவந்தார்கள், குச்சியால் தள்ளித் தள்ளி. சாலோமி கிழக்கே பார்த்து உட்கார்ந்தாள். கருநூலின் நுனியைத் தேடி எடுத்து இடப்பக்கமாகப் பிரிக்கத் தொடங்கினாள். பிரிகிற இடத்தில் எல்லாம் வெள்ளை நூலை வலப்பக்கமாகச் சுற்றிக்கொண்டே வர வேண்டும். அவள் கை தடுமாறவில்லை. அதுவே அவளுக்கு வெட்கமாக இருந்தது.

ஒரு சங்கடம். அவிழ்க்கும்போது வாய் அசைய வேண்டும். அது ஸ்டெபிக்கும் தெரியும். மந்திரம் எதையும் சாலோமி மனப்பாடம் செய்ததில்லை, அது தன் வேலையல்ல என்று இருந்தவள். ஜெபம் சொல்லலாமென்றால் அவளுக்கு வாய் வரவில்லை. கடைசியில் வந்தது அவள் ஆய்வேட்டின் முதல் வாக்கியம். "நிறங்களுக்கெனத் தனி ஆற்றல் ஏதும் இல்லை என்பதை நிறுவுவதே இவ்வாய்வின் நோக்கமாகும்." அதையே முணுமுணுத்தாள். குச்சிகள் தனித்தனியாகக் கழன்று விழும்வரை திரும்பத் திரும்ப அதையே முணுமுணுத்தாள். முற்றத்தில் இருந்தவர்கள் கைகூப்பி நின்றார்கள்.

நடராஜின் அப்பா எல்லாவற்றையும் இலையோடு சுருட்டி ஆற்றில் விடக் கொண்டுபோனார். ஸ்டெபி நீளமாக மூச்சு விட்டாள். கொஞ்சநேரத்தில், "அத்தை, அசையுது" என்றாள் வேணியிடம். கஞ்சி கேட்டாள். ஒரு கிண்ணம் குடித்து, இன்னும் கொஞ்சம் வாங்கிக் குடித்தாள். சாலோமி முற்றத்திலேயே உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். எழுந்து போய் மகள் தலையைத் தடவ வேண்டும் போல இருந்தது.

"இப்ப நம்புதியாம்மா?" என்றாள்.

"நம்புதேன்" என்றாள் ஸ்டெபி. முகம் தெளிந்திருந்தது. கோபம்கூட இல்லை. "கட்டுனவங்கதான அவிழ்க்க முடியும்? எனக்கு இப்பம் நல்லாருக்கு. அப்ப நீங்கதான் கட்டுனது. முன்னால கொஞ்சம் சந்தேகம் இருந்துச்சு. இப்பம் இல்ல."

சாலோமி எழுந்து புடவையை உதறிக்கொண்டாள்.

"பிள்ளை பொறந்தா..." என்று ஆரம்பித்தாள்.

"வேண்டாம்மா. வராதீங்க. எனக்கு பயமாருக்கு."

வேணி பஸ் நிறுத்தம் வரை வந்தாள், நாலடி பின்னாலேயே நடந்து.

வீட்டில் ஜாஸ்பர் காத்திருந்தார். "என்ன சொன்னா?"

"அவிழ்த்துட்டேன்."

"ஸ்தோத்திரம்" என்றார் அவர், கண்ணை மூடி. பிறகு, கண்ணைத் திறந்து, கொஞ்சம் தயங்கி, "அப்ப நான் கட்டுனதும் சரியாத்தான் கட்டியிருக்கேன், என்ன?" என்றார்.

அவர் குரலில் இருந்த அந்தச் சின்னப் பெருமையை சாலோமி கேட்டாள். அன்றிலிருந்து அவள் அவரிடம் பேசுவதை விட்டுவிட்டாள். தேவைக்கு ஒரு சொல், அதற்குமேல் இல்லை. சோறு மேசைமேல் இருக்கும், அவளிருக்க மாட்டாள். ஜாஸ்பர் இரண்டொரு நாள் அதைக் கவனித்ததாகக் காட்டிக்கொண்டார். பிறகு தேர்தல் வேலை வந்துவிட்டது. அதில் இந்தத் தடவையும் ஜெயித்தார்.

மகளிடம் உண்மையைச் சொல்வதாக இருந்தாரே என்றால், சொல்லவில்லை. சித்திரையில் பெண் குழந்தை பிறந்தது. பிரசவம் பாளையங்கோட்டை ஆஸ்பத்திரியிலேயேதான், வீட்டிலிருந்து நடந்து போகிற தூரம். அப்பா வரலாம் என்று சொல்லி அனுப்பியிருந்தாள் ஸ்டெபி. ஜாஸ்பர் தினமும் சாயங்காலம் சவரம் செய்துகொண்டு போய்வந்தார். போட்டோவைக் காட்டினார். சாலோமி பார்த்தாள். கண்களை இறுக மூடி, முஷ்டியைக் கன்னத்தில் வைத்துத் தூங்கும் குழந்தை. எல்லாக் குழந்தையும் மாதிரித்தான் இருந்தது. இன்னும் கொஞ்சம் பெரிதாக்கிக் காட்டச் சொல்லிக் கேட்க நினைத்தாள். கேட்கவில்லை.

ஆஸ்பத்திரிக் காரிடாரில் யார் யாரிடம் பேசினார்களோ, விக்கிரமசிங்கபுரத்து முற்றத்தில் நடந்தது சபைப் பெண்களுக்குத் தெரிந்துபோயிற்று. இனி தன்னோடு ஒரே பெஞ்சில் யாரும் உட்கார மாட்டார்கள் என்று சாலோமி எதிர்பார்த்தாள். அது நடந்தது. ஆனால் இன்னொன்றும் நடந்தது. குழந்தை ஊருக்குப் போன மறு வாரம், ஒரு மத்தியானம், பின்பக்கக் கதவு தட்டப்பட்டது. சாரம்மாள் நின்றாள். பெண்கள் சங்கத்தின் பொருளாளர், பெரிய கடைக்காரர் வீட்டு அம்மாள். முந்தானையைத் தலையில் போட்டு முகத்தைப் பாதி மறைத்திருந்தாள்.

"டீச்சர், நீங்க அவிழ்த்த உடனே பிள்ளை அசைஞ்சிச்சாமே. என் பையன் பெங்களூர்ல ஒருத்தியைக் கட்டுவேன்னு நிக்கான். எப்படியாவது அவனை இங்கன இழுத்துக் குடுக்கணும்."

சாலோமி அவளை அடுப்படியில் உட்கார வைத்தாள். துரத்திவிட்டிருக்கலாம். ஏனோ, இவளிடமாவது சொல்லிவிட வேண்டும் என்று ஓர் ஆவேசம் வந்தது. சொன்னாள். நூல் எதுவும் செய்வதில்லை என்று சொன்னாள். சிவப்பு ஏன் இழுப்பதாகத் தோன்றுகிறது, கருப்பு ஏன் பயமுறுத்துகிறது, பார்க்கிற இடத்தில் ஏன் வைக்கிறார்கள், பார்த்தவனுக்குள் என்ன நடக்கிறது, எல்லாம் சொன்னாள். இருபது வருஷமாக யாருக்கும் நடத்தாத பாடத்தை, உதாரணம் ஒன்றுகூட விடாமல், மகள் கட்டில் காலடியில் கிடந்ததையும் சேர்த்துச் சொன்னாள். தன் மகள் ஏன் கஞ்சி குடித்தாள் என்பதைச் சொல்லும்போது நிறுத்தி, தண்ணீர் குடித்துவிட்டுத் தொடர்ந்தாள்.

சாரம்மாள் பிரசங்கம் கேட்கிற மாதிரி, கண்ணைச் சிமிட்டாமல், கடைசிவரை பொறுமையாகக் கேட்டாள். சாலோமி முடித்ததும் முன்னால் குனிந்து குரலைத் தாழ்த்தினாள்.

"அதெல்லாம் சரி டீச்சர். எந்த நிறம் வாங்கிட்டு வரட்டும்?"

சாலோமி எழுந்து பின்கதவைத் திறந்து பிடித்துக்கொண்டாள். சாரம்மாள் கோபித்துக்கொள்ளவில்லை. இன்றைக்கு நாள் சரியில்லை போலிருக்கிறது, இன்னொரு நாள் வருகிறேன் என்று கையைக் காட்டிவிட்டுப் போனாள்.

உள்ளே ஜாஸ்பர், பேத்தியைப் பார்க்க விக்கிரமசிங்கபுரம் போவதற்காகச் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார்.

"யாரு வந்தது?" என்று கேட்டார்.

"உங்க சபைக்காரங்க" என்றாள் சாலோமி. அடுப்படிக்குத் திரும்பி, சாரம்மாள் உட்கார்ந்திருந்த நாற்காலியை இழுத்து மூலையில் போட்டாள்.